மல்லாட்டைக்கு ரைசோபியம் பாக்கெட்: மூணு மார்கழிப் பட்டம் போட்டுப் பார்த்ததில்

எங்களுக்குப் பண்ருட்டிப் பக்கம் செம்மண் கொல்லை. போர் தண்ணீர். பனங்கொல்லை ஒன்றேகால் ஏக்கர், கிணற்றுக் கொல்லை ஒன்றரை ஏக்கர். வரப்போரம் பலாவும் முந்திரியும் நிற்கும். பனங்கொல்லையில் மாமனார் காலத்திலிருந்து மல்லாட்டைக்குப் பின் மல்லாட்டைதான் (நிலக்கடலையை நாங்கள் மல்லாட்டை என்போம்). கிணற்றுக் கொல்லையில் அஞ்சு வருஷம் கரும்பு, அதிலும் பாதி நாள் வெட்டின கட்டையிலிருந்தே திரும்பத் துளிர்க்கும் கட்டைக் கரும்பு. இந்த இரண்டு கொல்லையிலும் ரைசோபியம் என்ற நல்ல கிருமி அடங்கிய உயிர் உரம் போட்டுப் பார்த்துவிட்டு எழுதுகிறேன். பாக்கெட்டைப் பற்றி மட்டும் எழுதினால் பாதிக் கதைதான் வரும். எந்தப் பயிருக்குப் பின் அதைப் போட்டேன் என்பதில்தான் மீதி இருக்கிறது.

முதலில் பொருளைச் சொல்லிவிடுகிறேன். 200 கிராம் பாலித்தீன் பாக்கெட், உள்ளே ஈரப்பதமான கருப்புப் பொடி. நிறத்தைப் பார்த்துக் கரித்தூள் என்று நினைத்தேன். நம் நெய்வேலியில் வெட்டுகிறார்களே, அதே பழுப்பு நிலக்கரியை மாவாக்கி அதில்தான் கிருமியைக் குடிவைக்கிறார்களாம். பயிருக்குத் தக்க பாக்கெட் தனித்தனி: நிலக்கடலைக்கு ஒன்று, பயறு வகைக்கு ஒன்று. வேளாண் விரிவாக்க மையத்தில் நான் வாங்கியபோது இரண்டு பாக்கெட்டுக்கு ஐம்பது ரூபாய்கூட ஆகவில்லை. இப்போது புட்டியில் திரவமாகவும் வருகிறது. நான் போட்டது பொடி, அதனால் பொடியைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

இந்தக் கிருமி மல்லாட்டை வேரில் புகுந்து குண்டுமணியைவிடச் சின்னதாக முடிச்சு கட்டும். செடி அதற்குச் சர்க்கரை கொடுக்கும், அது காற்றில் இருக்கும் தழைச்சத்தை, அதாவது நைட்ரஜனை, பிடித்துச் செடிக்குக் கொடுக்கும். சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் வேளாண்மை படிக்கும் என் அண்ணன் மகள்தான் இதையெல்லாம் எனக்கு விளக்கினாள். 1886-ல் ஜெர்மனியில் இரண்டு பேர் இதைக் கண்டுபிடித்துச் சொன்னார்கள் என்றாள். அவரைப் போட்ட காட்டில் அடுத்த பயிர் தெளிவாக வரும் என்று நம் பாட்டன்மாருக்குத் தெரிந்திருந்தது. ஏன் வருகிறது என்பது அன்றைக்குத்தான் தெரிந்திருக்கிறது.

முதல் வருஷம் நான் ஏமாந்தேன். கிணற்றுக் கொல்லையில் வடவண்டைப் பாதியில் கரும்புக் கட்டையைத் தோண்டி எடுத்துவிட்டு மார்கழியில் மல்லாட்டை போட முடிவெடுத்தோம். டவுனில் ஒரு கடையில் பாக்கெட் கேட்டேன். வாசலுக்கு நேரே இருந்த கண்ணாடி அலமாரியிலிருந்து எடுத்துக் கொடுத்தார்கள். மத்தியான வெயில் அந்த அலமாரி மேலேயே விழுந்துகொண்டிருந்தது, எனக்கு அப்போது அது உறைக்கவில்லை. “பூஞ்சாண மருந்தையும் இதையும் ஒண்ணாவே கலந்துடலாம்மா, ஒண்ணும் ஆவாது” என்றும் சொன்னார் கடைக்காரர். அப்படியே செய்தேன். முப்பத்தைந்தாம் நாள் செடியைத் தோண்டினால் வேர் வழவழவென்று இருக்கிறது, ஒரு செடிக்கு எட்டு முடிச்சு, ஒன்பது முடிச்சு. நகத்தால் கிள்ளினால் உள்ளே வெள்ளை. வீட்டுக்கு வந்து குப்பையில் கிடந்த காலிப் பாக்கெட்டை எடுத்துப் பார்த்தேன். காலாவதித் தேதி ஐப்பசியிலேயே முடிந்திருந்தது. பொடிக்கு ஆயுசு ஆறு மாசம்தான், அதுவும் நிழலில் வைத்தால். உயிருள்ள பொருளை வெயிலில் காயவைத்து விற்கிறோம் என்ற நினைப்புகூட இல்லாமல் விற்பது எனக்கு இன்னமும் ஆத்திரமாக இருக்கிறது. பாக்கெட் விலை போனதில் எனக்கு வருத்தமில்லை. ஒரு பட்டம் போனால் ஒரு வருஷம் போச்சு.

அதே நாளில் பனங்கொல்லையிலும் நாலு செடி தோண்டிப் பார்த்தேன். அங்கே பாக்கெட்டே போடவில்லை, ஆனால் வேரெல்லாம் முடிச்சு. கிள்ளினால் பீட்ரூட் கிள்ளினது போல நகமெல்லாம் சிவப்பு. வருஷக்கணக்கில் மல்லாட்டை போட்ட மண்ணில் அந்தக் கிருமி ஏற்கெனவே குடியிருக்கிறது. கரும்பே நின்ற மண்ணில் அது அற்றுப்போயிருக்கிறது. அப்படியென்றால் பனங்கொல்லை விளைச்சல்தானே நன்றாக இருக்க வேண்டும்? அங்கேதான் தண்டழுகல். செடி நன்றாக நிற்கும், ஒரு நாள் காலையில் ஒரு கிளை வாடும், ரெண்டு நாளில் முழுச் செடியும் சாயும். தூரை விலக்கிப் பார்த்தால் மண்ணை ஒட்டின தண்டில் பஞ்சு போல வெள்ளை நூல், அதில் கடுகு கடுகாக உருண்டை. அந்தக் கடுகுதான் பூஞ்சாணத்தின் விதை. மண்ணிலேயே வருஷக்கணக்கில் கிடக்கும், அடுத்த மல்லாட்டை வந்ததும் முளைக்கும். ஒரே பயிரைத் திரும்பத் திரும்பப் போட்டால் நல்ல கிருமியும் பெருகுகிறது, கெட்ட பூஞ்சாணமும் பெருகுகிறது. நாற்பது கிலோ மூட்டைக் கணக்கில் ஏக்கருக்குப் பதினெட்டு எடுத்த கொல்லையில் அந்த வருஷம் பதிமூன்று.

இரண்டாம் வருஷம் பாக்கெட்டை விரிவாக்க மையத்தில் வாங்கினேன். தேதி பார்த்து, தயாரித்து ஒரு மாசம் ஆனதாகக் கேட்டு வாங்கி, ஈரச் சாக்கில் சுற்றிக் கொண்டுவந்து தண்ணீர்ப் பானைக்குப் பக்கத்தில் வைத்தேன். இந்த முறை கிணற்றுக் கொல்லையின் தென்னண்டைப் பாதி. அங்கேயும் கரும்பு அப்போதுதான் கழிந்திருந்தது. விதை விருத்தாசலம் ஆராய்ச்சி நிலையத்து ரகம், வி.ஆர்.ஐ. 8. ஏக்கருக்கு 50 கிலோ பருப்புக் கணக்கு. பூஞ்சாண மருந்தை விட்டுவிட்டு, கெட்ட பூஞ்சாணத்தை அடக்கும் நல்ல பூஞ்சாணமான டிரைக்கோடெர்மா விரிடி கிலோவுக்கு 4 கிராம் கலந்தேன். அது ரைசோபியத்தோடு சண்டை போடாது. ரசாயன மருந்துதான் வேண்டும் என்றால் அதை முதல் நாளே கலந்து, 24 மணி நேரம் கழித்து ரைசோபியத்தைக் கலக்க வேண்டும்.

கலக்குவதில் கொஞ்சம் பக்குவம் இருக்கிறது. வடித்து நன்றாக ஆறின கஞ்சியில் பொடியைக் குழைத்து, திண்ணையில் சாக்கை விரித்துப் பருப்பைக் கொட்டி, மேலே தெளித்து விரலை அகலவிட்டுப் புரட்ட வேண்டும். அழுத்தித் தேய்த்தால் பருப்பின் சிவப்புத் தோல் உரியும், தோல் உரிந்த பருப்பு மண்ணில் முளைக்காமல் அழுகும். முதல் வருஷம் ஆளை விட்டுத் தேய்க்கச் சொன்னதில் அதுவும் ஒரு நஷ்டம். நிழலில் அரை மணி உலர்த்தி அன்றைக்கே விதைத்துவிட வேண்டும். அத்தை திண்ணையோரம் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருந்தார். “ஏம்மா, பொறுக்கியெடுத்த விதைய இப்படிக் கரியாக்கி வச்சிருக்கியே, இது மொளைக்குமா?” என்றார். “மொளைக்கும் அத்தை, முப்பத்தஞ்சாம் நாள் நீங்களே வந்து பாருங்க” என்றேன்.

உண்மையிலேயே வித்தியாசம் இருக்கிறதா என்று தெரிய நாலு சாலுக்கு மட்டும் பொடி கலக்காத விதை. அதை முதலில் விதைத்தோம். பொடி போட்ட விதையைத் தொட்ட கையும் கூடையும் அந்தப் பக்கம் போகக் கூடாது என்பதற்காக.

முப்பத்தைந்தாம் நாள் அத்தையையும் கூட்டிக்கொண்டு போனேன். தண்டைப் பிடித்து இழுத்தால் முடிச்செல்லாம் மண்ணிலேயே அறுந்து நின்றுவிடும். களைக்கொத்தால் நாலு பக்கமும் கொத்தி மண்கட்டியோடு தூக்கி, பக்கெட் தண்ணீரில் ஊறவிட்டு மெல்ல அலச வேண்டும். அலசி அலசி மண் கரைந்ததும் வேர் முழுக்க முத்துக் கோத்த மாதிரி. பொடி போட்ட சாலில் அஞ்சு செடி எண்ணினேன், அறுபதுக்குக் குறைந்து ஒன்றும் இல்லை. போடாத சாலில் பத்து, பன்னிரண்டு, ஒன்றில் பதினைந்து. அத்தை ஒரு முடிச்சைக் கட்டைவிரல் நகத்தால் கீறி, சிவப்பைப் பார்த்துவிட்டு, “ரத்தம் மாதிரி இருக்குதேடி” என்றார். அது கிட்டத்தட்ட ரத்தத்தில் இருக்கும் சிவப்புக்கு உறவுதான், அந்தச் சிவப்பு இருந்தால் முடிச்சு வேலை செய்கிறது என்று அர்த்தம். வெள்ளையாக இருந்தால் இன்னும் வேலை தொடங்கவில்லை, இல்லை தொடங்கப்போவதே இல்லை. பச்சையோ பழுப்போ என்றால் வேலை முடிந்துவிட்டது. அந்த நாலு சாலும் தூரத்திலிருந்தே வெளிறித் தெரிந்தன, வேலிக்கு அந்தப் பக்கம் இருந்தவர்கள் “அங்க மட்டும் தண்ணி பாயலையா?” என்று கேட்டார்கள்.

யூரியா பற்றி ஒரு வார்த்தை. பழக்கத்தில் மல்லாட்டைக்கு மேலுரமாக யூரியா அள்ளி வீசுவோம். மண்ணில் தழைச்சத்து தாராளமாகக் கிடந்தால் செடி கிருமிக்குச் சோறு போடாது, முடிச்சும் கட்டாது. அடியுரத்தோடு நிறுத்திவிட்டு, நாற்பது நாளில் ஜிப்சம் போட்டு மண் அணைத்ததோடு சரி. பாக்கெட்டும் போட்டு யூரியாவையும் வீசுகிறவர்கள் பாக்கெட்டை வாங்க வேண்டியதே இல்லை.

இனி எனக்கு மிகவும் முக்கியமாகப் படும் விஷயம். “மல்லாட்டை போட்டால் மண்ணில் தழைச்சத்து ஏறும், அடுத்த பயிருக்கு உரமே வேண்டாம்” என்று கடையிலும் சொல்கிறார்கள், கூட்டங்களிலும் சொல்கிறார்கள். நான் பார்த்த வரையில் அது பாதிதான் சரி. செடியை வேரோடு பிடுங்குகிறோம், காயை விற்கிறோம், கொடியை மாட்டுக்குக் கொண்டுபோகிறோம். காற்றிலிருந்து பிடித்த சத்தில் பெரும்பகுதி காயோடும் கொடியோடும் வண்டியேறிப் போய்விடுகிறது. இது எனக்குப் புரிந்தது ஆடியில் போட்ட கம்பில். தென்னண்டைப் பாதியில் புங்கமரத்து நிழலில் உட்கார்ந்துதான் பெண்கள் மல்லாட்டை ஆய்ந்தார்கள். நாலு நாள் ஆய்ந்ததில் இலையும் பிஞ்சும் வேரும் அங்கே ஒரு சாண் உயரத்துக்குக் குவிந்தன. அள்ளாமல் அப்படியே உழுதோம். கம்பு வளர்ந்தபோது அந்த இடத்தில் மட்டும், நிழல் விழுகிற இடமாக இருந்தும், பயிர் கரும்பச்சை, கதிர் ஒரு விரல் நீளம் கூட. மற்ற இடம் சுமார்தான். அடுத்த வருஷத்திலிருந்து கொடியில் பாதியை மாட்டுக்கு, பாதியைக் கொல்லைக்கு என்று பிரித்துவிட்டோம். மாடு தின்ற பாதியும் எருவாகத் திரும்பி வருகிறது. உளுந்து அறுக்கும்போதும் பிடுங்காமல் அரிவாளால் தரையோடு அறுக்கச் சொல்கிறேன், வேர் மண்ணுக்குள்ளேயே இருக்கட்டும் என்று. கூலி கொஞ்சம் கூடுகிறது.

பனங்கொல்லைக்கு வருகிறேன். இரண்டாம் வருஷம் அங்கே மல்லாட்டையை நிறுத்தினோம். வீட்டில் பெரிய பேச்சு. “மல்லாட்டை போடாத வருஷம் கையில காசு எங்கருந்து வரும்?” என்று கேட்டார் வீட்டுக்காரர். நியாயமான கேள்விதான். சித்திரையில் ஆழ உழுது வெயிலில் போட்டோம், ஆடியில் கம்பு, மார்கழியில் வம்பன் 8 ரக உளுந்து. கம்பில் அந்தப் பூஞ்சாணத்துக்கு அவ்வளவாகத் தீனி இல்லை. அந்த வருஷம் வருமானம் குறைந்தது, அதை மறைக்க மாட்டேன். மூன்றாம் வருஷம் மார்கழியில் திரும்ப மல்லாட்டை. தண்டழுகல் போகவில்லை, ஆனால் பாத்திக்குப் பாத்தி சாய்ந்த செடிகள் இப்போது அங்கொன்று இங்கொன்றாகத்தான் சாய்ந்தன. ஏக்கருக்கு இருபத்தொரு மூட்டை. அங்கேயும் பாதி நிலத்தில் பாக்கெட் போட்டிருந்தேன், போட்ட பக்கத்துக்கும் போடாத பக்கத்துக்கும் எனக்கு வித்தியாசமே தெரியவில்லை. அந்த மூட்டையெல்லாம் கம்பும் உளுந்தும் கொடுத்தது, பாக்கெட் கொடுத்ததில்லை.

அண்ணன் மகளிடம் இதைச் சொன்னபோது, இங்கிலாந்தில் ராதம்ஸ்டெட் என்ற இடத்தில் 1843-லிருந்து ஒரே வயலில் கோதுமை போட்டுப் பார்க்கிறார்கள், அங்கேயும் இடையில் வேறு பயிர் போட்டுவிட்டு வரும் கோதுமை, கோதுமை மேல் கோதுமையைவிடக் கூடுதலாக விளைகிறது என்றாள். நமக்கு அத்தனை வருஷம் காத்திருக்க முடியாது, மூணு வருஷத்திலேயே தெரிந்தது.

மண் பரிசோதனை அட்டையும் எடுத்தோம். அதில் 12 அளவுகள் இருக்கின்றன, நுண்ணூட்டம் வரை சொல்கிறார்கள். பனங்கொல்லைக்கு அங்ககக் கரிமம், அதாவது மண்ணில் மக்கிக் கிடக்கும் பொருளின் அளவு, 0.5 சதவீதத்துக்குக் கீழே, அதாவது குறைவு. ஆனால் மண்ணில் ரைசோபியம் இருக்கிறதா, அழுகல் பூஞ்சாணம் இருக்கிறதா என்று அட்டையில் கட்டம் இல்லை. அதற்குக் களைக்கொத்தும் ஒரு பக்கெட் தண்ணீரும்தான்.

யாருக்கு இந்தப் பாக்கெட்? கரும்போ, சவுக்கோ, வருஷக்கணக்கில் நெல்லோ நின்ற நிலத்தில் முதல்முறை மல்லாட்டையோ பயறோ போடுகிறவர்கள் கண்டிப்பாக வாங்குங்கள். என் கிணற்றுக் கொல்லைக்கு இதைப்போல மலிவாக இவ்வளவு செய்த பொருள் வேறு இல்லை. மல்லாட்டை மேல் மல்லாட்டை போட்டு விளைச்சல் இறங்குகிறது என்று இதை வாங்குகிறவர்கள், அந்தக் காசில் கம்பு விதை வாங்குங்கள். வாங்கும்போது பயிர்ப் பெயரையும் தேதியையும் படியுங்கள், கண்ணாடி அலமாரியில் இருப்பதை வாங்காதீர்கள்.

இந்த மார்கழிக்கு வடவண்டைப் பாதியில் மறுபடி மல்லாட்டை. முதல் வருஷத்துக்குப் பிறகு அங்கே கம்பு, எள், பசுந்தாள் உரத்துக்குத் தக்கைப்பூண்டு என்று சுற்றி வந்திருக்கிறது. இரண்டு பாக்கெட் வாங்கிவைத்தாகிவிட்டது. பானைக்குப் பக்கத்தில் அதை வைத்ததே அத்தைதான், பிள்ளைகள் எடுத்து வெயிலில் போட்டுவிடக் கூடாதென்று மேலே ஒரு மரக்காலைக் கவிழ்த்து வைத்திருக்கிறார்.