ரெட்ஸ்டோன்: தொடாத கரண்டுக்கும் நீளும் பிஸ்டன்

கட்டம் கட்டமாகக் கட்டி ஆடுகிற மைன்கிராஃப்ட் விளையாட்டைப் போனில் ஆடும் நண்பன் ஒருவன் கேட்டான்: "ரெட்ஸ்டோன் கத்துக்கலாம்னு இருக்கேன். கம்ப்யூட்டர்ல ஜாவா வாங்கணுமா, போன்ல இருக்கிற பெட்ராக்கே போதுமாடா? ரெண்டும் ஒண்ணுதானே?"

ஒன்றே இல்லை. ஜாவாவும் பெட்ராக்கும் அந்த விளையாட்டின் இரண்டு பதிப்புகள், ரெட்ஸ்டோன் அதில் கரண்ட் கடத்தும் சிவப்புத் தூள். சுருக்கமாகப் பதில் எழுத உட்கார்ந்தேன், எழுத எழுதக் கோபம் ஏறியதால் இவ்வளவு நீளமாகிவிட்டது.

தூளில் கரண்ட் 15 கட்டம் ஓடும், நடுவில் கரண்டைப் புதுப்பிக்கும் ரிப்பீட்டர் போட்டால் மறுபடி 15, ரெட்ஸ்டோன் டார்ச் வைத்தால் இருக்கிற கரண்ட் இல்லாமலும் இல்லாதது இருப்பதாகவும் தலைகீழாகும். இதெல்லாம் ஆடுகிறவர்களுக்குத் தெரிந்ததுதான். எனக்கு இன்றும் வியப்பு தருவது வேறு. விறகு வேண்டாம், கரி வேண்டாம். லீவரை ஒரு தடவை தட்டிவிட்டால் அது பாட்டுக்கு ஓடிக்கொண்டே இருக்கும். யூனிட் கணக்கும் கிடையாது, பவர் கட்டும் கிடையாது. ஒரு வாளித் தண்ணீர் கொட்டினால் தூள் மொத்தமும் அடித்துக்கொண்டு போகும், அது தனி வயிற்றெரிச்சல்.

சரி, பிஸ்டனுக்கு வருகிறேன், கரண்ட் வந்தால் நீண்டு முன்னால் இருப்பதைத் தள்ளும் பொருள் அது. ஜாவாவில் பக்கவாட்டில் நீளும்படி ஒரு பிஸ்டன் வை. அதற்கு நேர் மேலே ஒரு கட்டம் காலியாக விடு. அதற்கும் மேலே, எப்போதும் கரண்ட் தரும் ஒரு ரெட்ஸ்டோன் பிளாக் வை. பிஸ்டனை எதுவும் தொடவில்லை, அது அசையவும் இல்லை. இப்போது பிஸ்டனுக்குப் பக்கத்தில் சும்மா ஒரு கல்லை வைத்துப் பார். டக்கென்று நீளும். மேலே இருக்கும் ரெட்ஸ்டோன் பிளாக்கை உடைத்து எடு, நீண்டது நீண்டபடியே நிற்கும். மறுபடி பக்கத்தில் எதையாவது வைத்தாலோ எடுத்தாலோதான் உள்ளே போகும். தூங்குகிறவனைத் தட்டி எழுப்பி "உன்னைக் கூப்பிட்டாங்கப்பா" என்று சொல்ல வேண்டியிருப்பது மாதிரி.

இதற்கு குவாசி கனெக்டிவிட்டி என்று பெயர். நேர் மேலே உள்ள காலிக் கட்டத்துக்குக் கரண்ட் கிடைக்கிற நிலை இருந்தாலே தனக்குக் கிடைத்ததாக பிஸ்டன் எடுத்துக்கொள்ளும். கதவு இரண்டு கட்ட உயரம், மேல் பாதிக்குக் கரண்ட் கொடுத்தாலும் திறக்க வேண்டும். 2011இல் பிஸ்டன் வந்தபோது கதவுக்கு எழுதிய அதே நிரலை இதற்கும் போட்டுவிட்டார்கள் என்பதுதான் பரவலாகச் சொல்லப்படும் காரணம். கரண்ட் வந்தால் உள்ளே இருப்பதை வெளியே தள்ளும் டிஸ்பென்சருக்கும் டிராப்பருக்கும் இதே வியாதி. பிழை என்று புகார் போனது. இப்படித்தான் இருக்க வேண்டும் என்று பதில் வந்தது! இடம் மிச்சம் பிடிக்கலாமே என்று ஒரு மறைகதவை நெருக்கிக் கட்டினால், எங்கோ மேலே போகிற கம்பிக்கு எதுவோ கீழே நீளும். எது என்று கண்டுபிடிக்கவே ஒரு சாயங்காலம் போய்விடும்.

பெட்ராக்கில் இந்த வியாதி இல்லை, தொட்டால்தான் கரண்ட். பெட்டியைக்கூட பிஸ்டன் தள்ளும், ஜாவாவில் அது நடக்காது. அப்புறம் என்ன குறை? ஒரே நேரத்தில் இரண்டு பிஸ்டனுக்குக் கரண்ட் போனால் எது முந்தும் என்று சொல்ல முடியாது. ஒரு தடவை இது, அடுத்த தடவை அது. காலையில் ஒழுங்காகத் திறந்த கதவு மாலையில் நடுவில் ஒரு கல்லைத் துருத்திக்கொண்டு நிற்கும். ஜாவாவில், தள்ளியதைத் திரும்ப இழுக்கும் ஒட்டும் பிஸ்டனுக்கு ஒரு நொடியில் பத்தில் ஒரு பங்கு மட்டும் கரண்ட் கொடுத்தால் கல்லைத் தள்ளி அங்கேயே விட்டுவிட்டு வரும், பெட்ராக்கில் கையோடு இழுத்துக்கொண்டு வந்துவிடும். யூடியூபில் பார்க்கிற கதவுகளில் பாதிக்கு மேல் ஜாவாவில் கட்டியவை. போனில் அப்படியே பார்த்துக் கட்டிவிட்டு "வரலையேடா" என்று கேட்பவர்களுக்கு என்னத்தைச் சொல்ல?

இரண்டிலும் மனம் கோணாத ஒரே பொருள் கம்பேரேட்டர், பின்னால் இருப்பதை அளந்து அந்த அளவுக்குக் கரண்ட் தரும். அதன் பின்னால் ஒரு முழு கேக்கை வை. முன்னால் 13 கட்டத்துக்குத் தூளைப் போட்டு முனையில் ஒரு விளக்கை வை. முழு கேக்குக்கு அளவு 14, தூளில் கட்டத்துக்கு ஒன்று குறைந்தாலும் முனை வரை மிஞ்சும், அதனால் விளக்கு எரியும். ஒரு துண்டு சாப்பிட்டால் 12க்கு இறங்கும், விளக்கு அணைந்துவிடும். தூளைக் கிட்டப் போய்ப் பார்த்தால் கேக் பக்கம் நல்ல சிவப்பாகவும் முனைக்குப் போகப் போக மங்கலாகவும் இருக்கும். கேக் தின்றால் அணைகிற விளக்கை யோசித்தவர் யாரோ, அவருக்காக மற்றதையெல்லாம் மன்னித்துவிடலாம் என்று சில நாள் தோன்றும்.

ஆக, நியாயமாகப் பார்த்தால் பிஸ்டன் விஷயத்தில் பெட்ராக்தான் புத்திசாலி. தொட்டால் வேலை செய், தொடாவிட்டால் சும்மா இரு. இதைவிட நேரான விதி வேறென்ன?

ஆனாலும் நீ ஜாவாவிலேயே கட்டு. அதன் பைத்தியக்காரத்தனம் இன்றைக்கும் நாளைக்கும் ஒரே மாதிரி இருக்கும், பழகிக்கொள்ளலாம். சீட்டுக் குலுக்குகிற பிஸ்டனோடு எவ்வளவு நாள் மல்லுக்கட்டுவாய்? 2022இலிருந்து கம்ப்யூட்டருக்கு வாங்கினால் இரண்டும் சேர்ந்தேதான் வருகிறது, அதனால் எதை வாங்குவது என்ற குழப்பமே வேண்டாம். முதல் கதவைக் கட்டி முடித்ததும் போன் பண்ணு. திட்டுவதற்கு ஆள் தேவைப்படும்.