கண்ணகியா, மணிமேகலையா, கோதையா?

பெண் குழந்தைக்குப் பழந்தமிழ்ப் பெயர்தான் வைக்க வேண்டும் என்று முடிவாகிவிட்ட வீடுகளில் அடுத்த சண்டை உடனே தொடங்கிவிடுகிறது. எந்தப் பழம்பெயர்? தாத்தா ஒன்று சொல்வார், அத்தை முகம் சுளிப்பார், குழந்தையின் அப்பா கைப்பேசியில் பெயர்ப் பட்டியல்களைத் துழாவிக்கொண்டிருப்பார். அந்தப் பட்டியல்களை நான் நம்புவதில்லை. அழகானவள், அறிவானவள், ஒளி மிக்கவள் என்ற மூன்று பொருளையே முந்நூறு பெயர்களுக்கும் பங்கிட்டு வைத்திருப்பார்கள். அகராதிப் பொருள் தெரிந்தால் போதுமா? அந்தப் பெயரை முன்பு சுமந்தவர் யார், அது எந்த இடத்தில் யார் வாயிலிருந்து வந்தது என்பதையும் பார்க்க வேண்டாமா?

எங்கள் வீட்டுப் பட்டியலில் கடைசியாக மிஞ்சியவை கண்ணகி, மணிமேகலை, கோதை. என் ஓட்டு கோதைக்கு. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆனால் மற்ற இரண்டும் லேசில் தோற்கிற பெயர்கள் அல்ல.

எதிர்ப்பெல்லாம் முதலில் கண்ணகி மீதுதான் பாயும். ‘வாழ்க்கையைத் தொலைத்தவள் பெயரையா குழந்தைக்கு வைப்பது?’ என்று பெரியவர்கள் கேட்பார்கள். ‘ஈராறு ஆண்டு அகவையாள்’ என்று சிலப்பதிகாரம் அறிமுகப்படுத்தும் அந்தப் பன்னிரண்டு வயதுப் பெண் மணமாகி, கணவனை மாதவியிடம் இழந்து, திரும்பி வந்தவனை மதுரையில் கொலைக்களத்தில் மறுபடி இழக்கிறாள். கேள்வியில் நியாயம் இருப்பதுபோலத் தோன்றும். ஆனால் இதைக் கேட்பவர்களின் சொந்தத்திலேயே சீதாவும் தமயந்தியும் சாவித்திரியும் இருப்பார்கள். அவர்கள் பட்ட பாடு மட்டும் கொஞ்சமா? மாதவி என்ற பெயரைக் கூச்சமில்லாமல் வைக்கிறவர்கள் கண்ணகி என்றதும் ராசி பார்ப்பது எனக்கு விளங்குவதே இல்லை.

துயரம் இந்தப் பெயரோடு சிலப்பதிகாரத்தில்தான் ஒட்டிக்கொண்டது என்றும் சொல்ல முடியாது. மயில் குளிரில் நடுங்குமே என்று போர்வை கொடுத்த வள்ளல் பேகனைப் பள்ளிப் புத்தகத்தில் எல்லோரும் படித்திருப்போம். அவன் மனைவி பெயரும் கண்ணகி. அவளை விட்டுவிட்டு அவன் வேறொருத்தியிடம் போனதைப் பள்ளிப் புத்தகம் சொல்லாது, புறநானூறு சொல்கிறது. 143 முதல் 147 வரை ஐந்து பாடல்கள், கபிலர், பரணர், அரிசில் கிழார், பெருங்குன்றூர் கிழார் என நான்கு புலவர்கள். ‘பசித்தும் வாரேம், பாரமும் இலமே’ என்கிறார் பரணர். பசி என்று வரவில்லை, காப்பாற்ற வேண்டிய சுற்றமும் எங்களுக்கு இல்லை, அந்தப் பெண்ணிடம் திரும்பிப் போ, அதுதான் நாங்கள் கேட்கும் பரிசில் என்கிறார். கொடையாளியின் முகத்துக்கு நேரே நின்று இப்படிக் கேட்க எவ்வளவு நெஞ்சுரம் வேண்டும்! பாடல் வரிகளில் அவள் பெயர் வராது. கீழே உள்ள குறிப்புதான் அவளைக் கண்ணகி என்கிறது.

சிலம்பின் கண்ணகிக்கு அந்தக் குறை இல்லை. வழக்குரை காதையில் பாண்டியன் ‘யாரையோ நீ மடக்கொடியோய்’ என்று கேட்கிறான். அவள் உடனே பெயரைச் சொல்லிவிடுவதில்லை. புறாவுக்காகத் தன் தசையை அரிந்தவன், கன்றை இழந்த பசுவுக்காகத் தன் மகனைத் தேர்க்காலில் இட்டவன் என்று சோழர்களின் நீதியில் தொடங்குகிறாள். அவர்கள் ஊர் புகார், அதுவே என் ஊர், மாசாத்துவான் மகன் கோவலன் என் கணவன், உன்னால் கொலையுண்டவன் என்று படிப்படியாக நெருங்கி வந்து, கடைசியில் ‘கண்ணகி என்பது என் பெயரே’ என்று நிறுத்துகிறாள். அரசவையில் ஒரு பெண் தன் பெயரை இப்படி அறிவிக்கும் இடத்துக்கு ஈடாகத் தமிழில் இன்னொன்றை என்னால் காட்ட முடியவில்லை. அதன்பின் நடப்பது கணக்குத் தீர்ப்பது மட்டும்தான்: தேவியின் சிலம்பில் முத்து, இவள் உடைத்த சிலம்பிலிருந்து தெறித்தது மாணிக்கம்.

கடல் தாண்டியும் இந்தப் பெயருக்கு மரியாதை உண்டு. மட்டக்களப்புப் பக்கத்தில் கண்ணகை அம்மன் என்று வணங்குகிறார்கள். வைகாசியில் கதவு திறந்து, கண்ணகி வழக்குரையைப் பாடி, திருக்குளிர்த்தியோடு சடங்கை முடிப்பார்கள். மதுரையை எரித்த கோபம் தணிய வேண்டும் என்பதற்காகவே குளிர்த்தி. சிங்களவர்களுக்கு அவள் பத்தினித் தெய்வம். சென்னைக் கடற்கரையில் 1968இல் உலகத் தமிழ் மாநாட்டின்போது சிலையாக நின்றாள். 2001இல் அகற்றப்பட்டு 2006இல் திரும்பி வந்தாள்.

என் தயக்கம் இங்கேதான். இந்தப் பெயரில் குழந்தைக்கென்று மிச்சம் எதுவும் இல்லை. பள்ளியில் ஒருநாள் குரலை உயர்த்தினால் போதும், ‘பெயருக்கு ஏற்ற மாதிரி இருக்கிறாயே’ என்பார்கள். சிலம்பு எங்கே, மதுரை என்னாச்சு என்ற கேலி கல்லூரி வரை கூடவே வரும். கண்ணால் நகுபவள் என்று பெயரைப் பிரித்துப் பொருள் சொல்கிறவர்கள் உண்டு. ஆனால் கேட்கிறவர்கள் காதில் விழுவது சிரிப்பு அல்ல, சிலம்பு உடையும் ஓசைதான்.

மணிமேகலைக்கு இந்தச் சிக்கல் இல்லை. மணிகள் கோத்த இடையணி என்பது பொருள். மூன்றில் ஓசை மிகுந்தது இதுவே. பெயர் வைத்த விழாவும் சிலப்பதிகாரத்தில் பதிவாகியிருக்கிறது. அடைக்கலக் காதையில் மாடலன் என்ற மறையவன் கோவலனுக்கே அதை நினைவுபடுத்துகிறான். மாதவிக்குப் பெண் பிறந்து, முதுகணிகையர் கூடி என்ன பெயர் சூட்டலாம் என்றபோது, கோவலன் தன் குலத்தில் வழங்கிய ஒரு கதையைச் சொல்கிறான். முன்னோன் ஒருவன் நள்ளிரவில் நடுக்கடலில் கலம் உடைந்து தத்தளிக்கிறான். கடல் தெய்வமான மணிமேகலா வந்து அவனைக் கரை சேர்க்கிறது. ‘எம்குல தெய்வப் பெயர் ஈங்கு இடுக’ என்கிறான் கோவலன். ஆயிரம் கணிகையர் மணிமேகலை என்று வாழ்த்துகிறார்கள். கோவலன் செய்த நல்ல காரியங்களில் இதை மேல்வரிசையில் வைப்பேன். ஊர் கணிகை மகள் என்று ஒதுக்கக்கூடிய குழந்தைக்குத் தன் வணிகக் குலத்தின் தெய்வத்தையே பெயராகத் தந்திருக்கிறான்.

மாதவி இன்னும் ஒரு படி மேலே போகிறாள். கோவலன் இறந்தபின், ‘மாபெரும் பத்தினி மகள் மணிமேகலை’ என்று தன் வயிற்றில் பிறந்த பெண்ணைக் கண்ணகியின் மகளாகவே அறிவித்துவிடுகிறாள். தொழிலுக்கு அனுப்ப மாட்டேன், தவத்துக்குத்தான் என்கிறாள். ஒரு குழந்தைக்கு இரண்டு தாய்கள். கண்ணகி வேண்டாம், ஆனால் அந்த மரபு வேண்டும் என்கிற குடும்பங்களுக்கு மணிமேகலை சமரசப் பெயராகப் பொருந்திவிடும்.

அந்தக் கடல் தெய்வம் பூம்புகாரோடு நின்றுவிடவும் இல்லை. பௌத்த ஜாதகக் கதையில், கப்பல் மூழ்கி ஏழு நாள் நீந்திக்கொண்டிருந்த மகாஜனகனைக் காப்பாற்றுவது இதே மணிமேகலாதான். தாய்லாந்தில் அவள் மேகலா. கையில் மணியை வைத்துச் சுழற்றுவாள், அரக்கன் ராமசூரன் கோடரியை வீசுவான், மணியின் பளீர் மின்னல், கோடரியின் ஓசை இடி. கம்போடிய அரசவை நடனத்திலும் இந்த ஆட்டம் உண்டு. பசிபிக் புயல்களுக்கான பெயர்ப் பட்டியலுக்குத் தாய்லாந்து கொடுத்த பெயர்களிலும் மேகலா இருக்கிறாள். கலம் கவிழ்ந்தவர்களைக் காப்பாற்றிய தெய்வத்தின் பெயர் புயலுக்குப் போய்ச் சேர்ந்ததில் எனக்குக் கொஞ்சம் வருத்தம்தான்.

மணிமேகலையின் குறை நீளம். ஐந்தெழுத்துப் பெயரை வீட்டில் யாரும் முழுதாகக் கூப்பிட மாட்டார்கள். மணி என்று வெட்டினால் தெருவில் நாலு பையன்களும் திரும்பிப் பார்ப்பார்கள். மேகலா என்று வெட்டினால் அது வேறு பெயர். தவிர, காப்பியத்துக்குள் அவளுடைய வாழ்க்கையை மற்றவர்களே முடிவு செய்துகொண்டிருக்கிறார்கள். பெயர் தந்தையுடையது, துறவு தாயின் விருப்பம், மணிபல்லவத் தீவுக்குத் தூக்கிச் செல்வது தெய்வம். துரத்தும் இளவரசன் உதயகுமரனிடமிருந்து தப்பக் காயசண்டிகை என்ற வேறொரு பெண்ணின் உருவத்தில் மறைந்து திரிய வேண்டியிருக்கிறது. அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபிப் பாத்திரம் கையில் வந்து, சிறைச்சாலைக்குள் போய்ச் சோறு போட்டு, அதை அறச்சாலையாக்கும் இடத்தில்தான் அவள் தானாக எழுந்து நிற்கிறாள்.

இனி கோதை. பொருள் எளியது: பூமாலை. பெண்ணின் கூந்தலுக்கும், பெண்ணுக்கும்கூட அதே சொல். கேட்டவுடன் ஸ்ரீவில்லிபுத்தூர் துளசித் தோட்டம் நினைவுக்கு வரும், சரிதான். ஆனால் அதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பு கோதை ஆண்பிள்ளைப் பெயர். சேர மன்னர்களின் பெயர். கோக்கோதை மார்பன், குட்டுவன் கோதை, மாக்கோதை. ரோமானியக் காசுகளின் சாயலில் மன்னன் தலையைப் பொறித்து, மேலே தமிழி என்னும் பழைய எழுத்தில் மாக்கோதை என்று எழுதிய வெள்ளிக் காசுகள் கரூரில் கிடைத்திருக்கின்றன. இதைச் சொன்னால் பலரும் நம்ப மறுக்கிறார்கள்.

அந்தச் சேரர்களில் ஒருவன், கோட்டம்பலத்துத் துஞ்சிய மாக்கோதை, புறநானூற்றின் 245ஆம் பாடலை எழுதியவன். போரும் கொடையும் பற்றிய பாட்டு இல்லை. மனைவி இறந்துவிட்டாள், கள்ளி படர்ந்த களர் நிலத்தில், விறகு அடுக்கிய ஈமத் தீயில் அவளைக் கிடத்திவிட்டு வந்திருக்கிறான். என் துயரம் எவ்வளவு பெரியதானாலும் என்ன, என் உயிரைக் கொல்லும் வலிமை அதற்கு இல்லையே என்கிறான். ‘இன்னும் வாழ்வல், என் இதன் பண்பே’ என்று முடிக்கிறான். மனைவியை விட்டுப்போன பேகனுக்குப் புலவர்கள் புத்தி சொன்ன அதே தொகுப்பில், மனைவிக்குப் பின் உயிரோடு இருப்பதற்கே வெட்கப்படும் ஓர் அரசன். அவன் பெயர் கோதை என்பது எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது.

ஆழ்வார் காலத்துக்கு வந்தால் பெரியாழ்வார் வளர்த்த பெண் கோதை. அவள் தன் பாடல்களில் எங்கும் தன்னை ஆண்டாள் என்று சொல்லிக்கொள்ளவில்லை. திருப்பாவையின் முப்பதாம் பாட்டில் ‘பட்டர்பிரான் கோதை சொன்ன சங்கத் தமிழ்மாலை முப்பதும்’ என்றுதான் கையெழுத்திடுகிறாள். நாச்சியார் திருமொழியில் விட்டுசித்தன் கோதை. பட்டர்பிரான், விட்டுசித்தன் இரண்டும் பெரியாழ்வாரையே குறிக்கும். ஆண்டாள் என்ற பெயர் பின்வந்தவர்கள் பக்தியோடு சூட்டியது; உய்யக்கொண்டார் பாடிய தனியனில், அதாவது திருப்பாவைக்கு முன் ஓதும் போற்றிப் பாட்டில், ‘அன்ன வயற்புதுவை ஆண்டாள்’ என்று வருகிறது. ஆகவே ஆண்டாளா கோதையா என்று கேட்டாலும் என் பதில் கோதைதான். ஆண்டாள் கோயிலுக்குரிய பெயர். இடப்பக்கம் சாய்ந்த கொண்டை, மாதுளம்பூ அலகும் இலை உடலுமாக நாள்தோறும் புதிதாகச் செய்யும் கிளி, மதுரைச் சித்திரைத் திருவிழாவில் அழகருக்கும் திருப்பதிக் கருட சேவைக்கும் போகும் சூடிக் களைந்த மாலை என்று அந்தப் பெயருக்கென ஒரு முழு உலகமே இருக்கிறது. கோதை என்பது அந்தக் கவிஞர் தன் பாட்டின் அடியில் தானே போட்டுக்கொண்ட பெயர். கண்ணகி தன் பெயரை அறிவித்ததும் இளங்கோவின் எழுத்தில்தான். மூன்று பேரில் தன் கையாலேயே பெயரைப் பதிந்துவிட்டுப் போனவள் கோதை ஒருத்திதான்.

பின்னாளிலும் எழுதுகிற பெண்களுக்கு இந்தப் பெயர் கைகொடுத்திருக்கிறது. 1901இல் பிறந்த வை.மு. கோதைநாயகி பள்ளிக்கூடம் போகாமலே நூற்றுக்கும் மேற்பட்ட நாவல்களை எழுதி, ஜகன்மோகினி இதழையும் நடத்தினார்.

இது வைணவப் பெயர்தானே, நமக்கு எதற்கு என்று ஒரு குரல் எழும். எங்கள் வீட்டிலும் எழுந்தது. சேரர் காசை நினைவுபடுத்தினேன். குரல் முழுவதும் அடங்கவில்லை. அதோடு, ஆங்கில எழுத்தில் எழுதும்போது ‘த’வுக்கு என்ன போடுவது என்பதில் தொல்லை உண்டு. கவனமில்லாத எழுத்தர் கையில் கோதை கோடை ஆகிவிடும், கோடைக்கானலுக்குப் போகலாமா என்று நண்பர்கள் கேட்பார்கள். ஆனால் மணிமேகலையை வெட்டுவதுபோல இதை வெட்ட வேண்டியதில்லை. ஈரெழுத்து, வாசலில் நின்று கூப்பிட்டால் கொல்லை வரை கேட்கும். கண்ணகியைப்போல நடத்தையை முன்கூட்டியே தீர்மானிக்கவும் செய்யாது. தனியாக வைக்கத் தயக்கம் என்றால் பூங்கோதை இருக்கிறது.

மூன்றையும் எழுதி வைத்து இன்னும் முடிவாகாத வீடுகளுக்கு ஒரு தகவல். தமிழ்நாட்டில் பிறப்பைப் பெயரில்லாமலே பதிவு செய்துவிட்டு, ஓராண்டுக்குள் கட்டணமின்றிப் பெயரைச் சேர்த்துக்கொள்ளலாம். அதற்குள் மூன்று பெயரையும் மாற்றி மாற்றிக் குழந்தையைக் கூப்பிட்டுப் பாருங்கள். பதிவு செய்யும் நாளில் ஆங்கில எழுத்துக்கூட்டலை நீங்களே ஒரு தாளில் எழுதிக் கொடுத்துவிடுங்கள். சொல்லிவிட்டு வந்தால் கோடைதான்.