வாய்ப்புத் தேடும் பிள்ளைக்கு ஒரு படத்தொகுப்பு: இராமநாதபுரம் ஸ்டுடியோ ஒன்றின் சேவை

இராமநாதபுரம் அரண்மனைப் பகுதியில், கல்யாண வீடியோவும் பாஸ்போர்ட் படமுமாகப் பல காலம் நடந்துவந்த ஸ்டுடியோ ஒன்று, சின்னத்திரையிலும் சினிமாவிலும் வாய்ப்புத் தேடும் இளைஞர்களுக்காக ‘ஆக்டர் போர்ட்ஃபோலியோ’ (நடிகர் தேர்வு செய்பவர்களுக்கு அனுப்பும் படங்களும் வீடியோவும்) என்ற சேவையை இப்போது தனியாக நடத்துகிறது. அறைக்குள் எடுக்கும் படங்களும் ஒரு நிமிட நடிப்பு வீடியோவும் மட்டும் போதுமென்றால் 4,000 ரூபாய்; அவற்றோடு அரியமான் கடற்கரையிலும் தனுஷ்கோடியிலும் ஒரு முழுநாள் படப்பிடிப்பும் வேண்டுமென்றால் 14,000 ரூபாய். கல்லூரியை முடித்த கையோடு சீரியலில்தான் சேருவேன் என்று ஒற்றைக்காலில் நிற்கும் என் அக்காள் மகனுக்காகப் பெரிய பேக்கேஜையே எடுத்தோம். அதில் உண்மையான பயன் தந்தது, சின்ன பேக்கேஜில் அடங்கிய பகுதிதான்.

கடற்கரைப் படங்கள் அழகாக இல்லை என்று சொல்ல முடியாது. அரியமானில் காலை வேளையில் சவுக்கு மர நிழலில் எடுத்தவற்றில் முகத்தில் வெளிச்சம் சீராக விழுந்திருக்கிறது. தனுஷ்கோடியில்தான் சிக்கல். 1964 புயலில் சிதைந்த தேவாலயச் சுவரை நோக்கி நாங்கள் போய்ச் சேர்ந்தபோது உச்சிவெயில் ஏறிவிட்டிருந்தது. கண்குழிகளில் நிழல் கட்ட, கச்சான் காற்று மணலை வாரி முகத்தில் அடிக்க, பிள்ளை பாதிப் படங்களில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு நிற்கிறான். மீதிப் படங்களில் வெள்ளைச் சட்டையோடு அலையோரம் ஓடுகிறான். மொத்தத்தில் அது பெண் வராமல் போன கல்யாண ஆல்பம் போல இருக்கிறது. நடிகர் தேர்வு செய்பவருக்குத் தனுஷ்கோடி எப்படி இருக்கும் என்பது தெரியும். அவர் பார்க்க விரும்புவது அந்த முகத்தை. ஒன்றை மட்டும் பாராட்ட வேண்டும்: அரியமானை அடுத்த உச்சிப்புளியில் கடற்படையின் விமானத் தளம் இருப்பதால் அந்தப் பக்கம் டிரோன் பறக்கவிட மாட்டோம் என்று ஸ்டுடியோக்காரர் முன்பே சொல்லிவிட்டார். டிரோன் உண்டு என்று ஆசைகாட்டி முன்பணம் வாங்குகிறவர்களும் இருக்கும் தொழில் இது.

அறைக்குள் நடந்த வேலை முற்றிலும் வேறு தரம். சாம்பல் நிறத் துணி ஒன்றைத் தவிரப் பின்னணியில் எதுவும் இல்லை. பவுடர்கூடப் போட விடவில்லை. நேர்முகம், இடப்பக்கம், வலப்பக்கம், முழு உருவம், சிரித்த முகம், சிரிக்காத முகம் என்று சலிப்பூட்டும் வரிசையில் எடுத்தார்கள். வீடியோவில் முதலில் பெயர், வயது, உயரம், சொந்த ஊர் ஆகியவற்றைச் சொல்லி, இரு கைகளையும் காட்டிப் பக்கவாட்டில் திரும்பி நின்ற பிறகுதான் நடிப்பு தொடங்கியது. அதற்கு அவன் மனப்பாடம் செய்து வந்திருந்தது ஏதோ ஒரு பெரிய நடிகரின் பாணியில் அமைந்த நீண்ட வசனம். உரிமையாளர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, “தம்பி, இது அவரு பேசுறது. நீங்க வீட்ல அத்தாகிட்ட காசு கேட்டா எப்படிக் கேப்பீங்க, அதப் பேசுங்க” என்றார். வலை வாங்கப் பணம் கேட்கும் மகன், கொடுக்க மனமில்லாத தகப்பன் என்ற சிறு காட்சி அங்கேயே உருவானது. தகப்பனின் வசனத்தை ஒருவர் கேமராவுக்குச் சற்றுப் பக்கத்தில் நின்று சொல்ல, பையன் லென்ஸைப் பார்க்காமல் அவரைப் பார்த்துப் பேசினான். பேசாத நேரத்தில் எப்படிக் கேட்டுக்கொண்டு நிற்பது என்பதற்காகவே அந்தக் காட்சியைத் திரும்பத் திரும்ப எடுத்தார்கள்.

உரிமையாளர் சென்னையில் சீரியல்களில் உதவி ஒளிப்பதிவாளராக இருந்து ஊர் திரும்பியவர் என்பது அவர் பழக்கிய விதத்திலேயே தெரிந்தது. சீரியல் தளத்தில் ஒரே நாளில் பல காட்சிகளை முடிக்க வேண்டியிருப்பதால், பக்கம் பக்கமாக மனப்பாடம் செய்ய நேரம் கிடைக்காது; உதவி இயக்குநர் மறைவில் நின்று வசனத்தைச் சொல்லி பிராம்ப்டிங் கொடுக்க, அதைக் காதில் வாங்கி, வாங்கிய சுவடு முகத்தில் தெரியாமல் பேச வேண்டும். இந்தப் பயிற்சியை அவர் கட்டணம் எதுவும் கூட்டாமல் கொடுத்தார். பேக்கேஜ் விளம்பரத்தில் இது இடம்பெறவே இல்லை என்பதுதான் வேடிக்கை.

குறை என்று சொன்னால் பட மெருகேற்றலைத்தான் சொல்வேன். கடற்கரையில் வளர்ந்த கறுத்த பிள்ளையை, கேட்காமலே இரண்டு படி வெளுக்க வைத்திருந்தார்கள். தாடையில் இருந்த சிறு வயதுத் தழும்பும் காணாமற்போயிருந்தது. படத்தைப் பார்த்து அழைப்பவர் நேரில் வேறொரு ஆளைக் காண நேர்ந்தால் அந்த அழைப்பால் என்ன பயன்? நாங்கள் வற்புறுத்திய பிறகு மெருகேற்றாத படங்களையும் கொடுத்தார்கள். எனவே அவற்றை முதலிலேயே கேட்டு வாங்கிவிடுங்கள்.

ஸ்டுடியோவின் சுவரில் பரமக்குடியில் பிறந்த கமல்ஹாசன் படமும் கீழக்கரைக்காரரான ராஜ்கிரண் படமும் மாட்டியிருக்கின்றன. ஒருவர் 1960இல் ‘களத்தூர் கண்ணம்மா’வில் குழந்தையாகவே திரைக்கு வந்தவர், மற்றவர் விநியோகமும் தயாரிப்பும் செய்துவிட்டு நடிக்க வந்தவர். இந்தத் தலைமுறைப் பிள்ளைகளுக்குப் பொருத்தமான படம், சீரியலிலிருந்து சினிமாவுக்கு வந்த நடிகர் கவினுடையது என்று நான் சொன்னபோது உரிமையாளர் சிரித்தார். ‘கனா காணும் காலங்கள்’ கல்லூரிக் கதை, ‘சரவணன் மீனாட்சி’ என்று விஜய் டிவியில் பல ஆண்டுகள் உழைத்த பிறகே 2019இல் அவர் நாயகனாக நடித்த முதல் படம் வெளிவந்தது. அதே ஆண்டு பிக் பாஸ் வீட்டுக்குள்ளும் போனார். 2021இல் ‘லிஃப்ட்’ திரையரங்கைத் தொடாமல் நேராக ஓடிடியில் வந்தது. திரையரங்கில் அவரைப் பேசவைத்த ‘டாடா’ வந்தபோது 2023 ஆகிவிட்டது. சீரியலில் முகம் தெரிந்துவிட்டால் சினிமா தானாக வரும் என்று நம்பும் பெற்றோர் இந்த ஆண்டுகளைக் கூட்டிப் பார்க்கலாம். வாய்ப்பு வாங்கித் தருகிறோம் என்று இந்த ஸ்டுடியோ ஒரு வார்த்தைகூடச் சொல்லவில்லை. நடிக்க வைப்பதற்கு யாராவது பணம் கேட்டால் அந்த எண்ணை உடனே பிளாக் செய்துவிடச் சொன்னார்கள். முதல் சுற்றுத் தேர்வுக்கு வீட்டிலிருந்தே வீடியோ அனுப்பச் சொல்வது இப்போது பரவலாகிவிட்டதால், ஒவ்வோர் ஆடிஷனுக்கும் இரவு ரயிலேறி எழும்பூருக்கு ஓட வேண்டிய செலவும் குறைகிறது. அந்த வகையில் 4,000 ரூபாய் நியாயமான தொகை.

வீடியோவைப் பென் டிரைவில் முழு அளவிலும், வாட்ஸ்அப்பில் அனுப்பத்தக்க சிறிய அளவிலும் கேட்டால் தருகிறார்கள். முகூர்த்த நாள்களில் உரிமையாளர் கல்யாண மண்டபங்களுக்குப் போய்விடுவார், அறையில் உதவியாளர்கள் மட்டுமே இருப்பார்கள்; அவர்கள் விளக்குகளைச் சரியாக வைக்கிறார்கள், ஆனால் நடிப்பைத் திருத்துவதில்லை. ஆவணியிலும் தையிலும் போகிறவர்கள் அவர் இருக்கும் நாளைத் தொலைபேசியில் கேட்டு உறுதிசெய்துகொண்டு போக வேண்டும்.