குடகுக் கச்சம்புளி: அரைக் கிலோ பன்றிக்கறிக்கும் ஒரு பத்தை அரசாணிக்காய்க்கும்

இரண்டு வருடமாக எங்கள் வீட்டு அலமாரியில் இருக்கும் ஒரு பாட்டிலைப் பற்றி எழுத வேண்டும் என்று ரொம்ப நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன். குடகுக் கச்சம்புளி. 250 மில்லி, 400 ரூபாய்க்கு வாங்கியது, இன்னும் கால் பாகம் மிச்சம் இருக்கிறது. வேலை முடிந்து ஏழு மணிக்கு வீடு வந்து, எட்டு மணிக்குள் பன்றிக்கறியும் சோறும் தட்டுக்கு வருகிறது என்றால் அதில் பாதிப் பங்கு குக்கருக்கு, மீதிப் பங்கு இந்தப் பாட்டிலுக்கு.

தெரியாதவர்களுக்காக: கேரளாவில் மீன் குழம்பில் போடும் குடம்புளி இருக்கிறதே, அதே மரம்தான். இலங்கையில் கொறக்கா என்பதும் அதுதான். நம் ஊர் கொடுக்காப்புளி வேறு, அதற்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. கேரளாவில் பழத்தோலைக் காயவைத்துப் புகைபோட்டு எடுக்கிறார்கள், குடகில் மழைக்காலத்தில் பழுக்கும் பழங்களைக் குவித்துவைத்து, கசிந்து வடியும் சாற்றைப் பிடித்து, கறுத்துக் கெட்டியாகும் வரை காய்ச்சுகிறார்கள். குடகர்களின் பந்திக்கறி, அதாவது பன்றிக்கறி, கருகருவென்று இருப்பதற்கு இதுவும் கருக வறுத்த மசாலாவும்தான் காரணம்.

வாங்கும்போது கவனம். மடிக்கேரிப் பக்கம் போனபோது சாலையோரக் கடை ஒன்றில் நான் வாங்கிய முதல் பாட்டில் வெறும் கறுப்புத் தண்ணீர். மூடியைத் திறந்ததும் வினிகர் நெடி மூக்கில் ஏறியது, குழம்பில் விட்டால் ஒரு காரமான புளிப்பு மட்டும் தனியாக நின்றது, அந்த நாள் கறி முழுவதும் வீணானதில் எனக்கு இன்னமும் வருத்தம்தான். இப்போது வைத்திருப்பது தோட்டத்து வீடு ஒன்றில் காய்ச்சியது, பாட்டிலில் பெயர்ச்சீட்டுகூடக் கிடையாது. சாய்த்துப் பார்த்தால் வெல்லப்பாகு மாதிரி கண்ணாடியில் ஒட்டிக்கொண்டு மெதுவாக இறங்கும், பழவாசம் லேசாக வரும், மூக்கைக் குத்தாது. வாங்குமுன் பாட்டிலைச் சாய்த்துப் பாருங்கள், அது ஒன்றே போதும்.

சரி, சமையல். கோவையில் வெண்பன்றிக் கறிக்கடைகளுக்குப் பஞ்சமில்லை. தனிச் சதையாகக் கேட்டு வாங்காதீர்கள், தோலும் கொழுப்பும் சேர்ந்த துண்டுகளாக அரைக் கிலோ கேளுங்கள், இந்தப் புளியின் வேலையே அந்தக் கொழுப்பின் திகட்டலை வெட்டுவதுதான், கொழுப்பே இல்லையென்றால் பாட்டிலுக்குக் கொடுத்த காசு தண்டம். கறியோடு ஒரு கை சின்ன வெங்காயம், பூண்டு எட்டுப் பல், இஞ்சி, பச்சை மிளகாய், மஞ்சள்தூள், உப்பு, அரை டம்ளர் தண்ணீர். எண்ணெய் ஒரு சொட்டுகூட வேண்டாம். மிதமான தீயில் ஆறு விசில். பன்றிக்கறி என்றாலே பூச்சி இருக்குமோ என்று பயப்படுகிறவர்கள் நம்மில் நிறையப் பேர், குக்கருக்குள் சூடு 120 டிகிரியை ஒட்டிப் போகிறது, இருபது நிமிடம் அதில் வெந்த கறியைப் பற்றி அந்தக் கவலை வேண்டாம்.

ஆவி அடங்கும் நேரத்தில் மிளகு ஒன்றரை ஸ்பூன், மல்லி ஒரு ஸ்பூன், சீரகம், கொஞ்சம் கடுகு, நாலைந்து வெந்தயம், இவற்றை வெறும் வாணலியில் வறுக்க வேண்டும். வாசம் வந்ததும் இறக்குவதுதான் நம் பழக்கம், இதற்கு அது போதாது, காப்பிக்கொட்டை நிறம் வரும்வரை விட வேண்டும். பொடித்து கறியில் போட்டு, அரசாணிக்காயை, அதாவது பரங்கிக்காயை, தோலோடு பெரிய துண்டுகளாக நறுக்கிச் சேர்த்து, மூடாமல் பத்து நிமிடம் கொதிக்கவிடுங்கள். நன்றாக முற்றிய காயாக இருக்கட்டும். பிஞ்சுக்காய் தண்ணீர் விட்டு எல்லாவற்றையும் சப்பென்று ஆக்கிவிடும். முற்றிய காயின் ஓரங்கள் கரைந்து குழம்பைக் கெட்டியாக்கும், தேங்காய் அரைக்கும் வேலை மிச்சம்.

காய் வெந்த பிறகுதான் கச்சம்புளி. புளி விட்ட பிறகு காய் வேகாது என்று அம்மா சாம்பார் வைக்கும்போதெல்லாம் சொல்வதை இங்கே மறந்து ஒரு தடவை முதலிலேயே விட்டுவிட்டேன், அரை மணி நேரம் கொதித்தும் அரசாணிக்காய் நறுக்நறுக்கென்றே இருந்தது. ஒன்றரை ஸ்பூன் விட்டு ஐந்து நிமிடம், அவ்வளவுதான். அலுமினியக் குக்கராக இருந்தால் இந்தக் கட்டத்தில் ஸ்டீல் சட்டிக்கோ மண்சட்டிக்கோ மாற்றிக்கொள்ளுங்கள்.

இதே குழம்பை வேறு புளிகளிலும் வைத்துப் பார்த்திருக்கிறேன். சாதாரணப் புளியில் அது புளிக்குழம்பாகவே மாறிவிடுகிறது, பன்றிக்கறியின் ருசி பின்னால் போய்விடுகிறது. எலுமிச்சை சூடு ஆறினதும் காணாமல் போகிறது. குடம்புளி நன்றாகத்தான் இருந்தது, ஆனால் அந்தப் புகைவாசம் மீன் குழம்பை நினைவுபடுத்திக்கொண்டே இருக்கிறது. கச்சம்புளி மட்டும்தான் அரசாணிக்காயின் இனிப்போடு சண்டை போடாமல் உள்ளே இறங்குகிறது. வாயில் வைத்ததும் மிளகு, அப்புறம் இனிப்பு, விழுங்கும்போது புளிப்பு, அடுத்த வாய்க்கு நாக்கு தயாராகிவிடும். மறுநாள் காலை இட்லிக்குத் தொட்டுக்கொண்டால் இன்னும் நன்றாக இருக்கும். குடகில் இதற்குக் கடம்புட்டு, அரிசி ரவையை வேகவைத்துப் பிடிக்கும் உருண்டை, நமக்கு அந்த நேரமில்லாத நாளில் இட்லியே போதும்.

குறைகள் இல்லாமல் இல்லை. தேதி எதுவும் இல்லாத பாட்டிலை நம்பி வாங்க வேண்டியிருக்கிறது. இவ்வளவு கெட்டியான திரவத்துக்கு வாய் குறுகலான பாட்டில் சரிப்படவே இல்லை, ஒன்று வராது, வந்தால் மொத்தமாக வரும். மூன்று ஸ்பூன் விழுந்த நாளில் குழம்பு துவர்த்துப் போய் வெல்லம் போட்டும் சரியாகவில்லை. அகல வாய் ஜாடிக்கு மாற்றி உள்ளேயே ஒரு மர ஸ்பூன் போட்டு வைத்துவிட்டேன். விலை அதிகம் என்று யோசிப்பவர்களுக்கு: அவ்வப்போது சமைத்தும் இரண்டு வருடம் வந்திருக்கிறது, இன்றுவரை பூசணமோ வாசனை மாற்றமோ இல்லை.

அம்மா பன்றிக்கறி தொடமாட்டார். அவருக்காகப் போன மாதம் அரசாணிக்காய்ப் பொரியலைத் தனியாக வைத்து இறக்கும்போது அரை ஸ்பூன் கச்சம்புளி விட்டேன், ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு இது என்ன புளி என்று கேட்டார். ஊருக்குத் திரும்பும்போது ஒரு சின்ன பாட்டிலில் ஊற்றி வாங்கிக்கொண்டு போயிருக்கிறார்.