தக்கலை பக்கம் ஒரு முதியோர் இல்லம், மாத்திரை விஷயத்துல எப்படி?

அம்மைக்கு சுகர், பிரஷர், தைராய்டு மூணும் உண்டு, அதனால இடம் பாக்க போனப்ப ரூம விட மாத்திரை யாரு எடுத்து குடுக்காவன்னுதான் முதல்ல கேட்டேன். இங்க நர்ஸ் பொண்ணு தைராய்டு மாத்திரைய காலைல வெறும் வயித்துல தண்ணியில குடுத்துட்டு அரை மணி நேரமாவது கழிஞ்சுதான் கட்டன் சாயாவே குடுக்கு, கால்சியம் மத்தியானத்துக்கு மேலதான், ரெண்டுக்கும் 4 மணி நேரம் இடைவெளி வேணும்லா. சுகர் மாத்திரை மெட்ஃபார்மின் சாப்பாட்டோட. அம்மை முழுங்குனத கண்ணால பாத்த பிறகுதான் சார்ட்ல கையெழுத்து போடுது, அது எனக்கு ரொம்ப பிடிச்சிருக்கு, நல்ல பொறுப்பு.

குறைன்னா, நாகர்கோவில்ல டாக்டர் பிரஷர் மாத்திரைய மாத்தி எழுதுன பிறகும் பழைய மாத்திரை அட்டை, மருந்து டப்பாவிலயே கிடந்துச்சு, நான் பாத்து சொன்ன பிறகுதான் எடுத்தாவ. ஆஸ்பத்திரி போயிட்டு வந்தா புது சீட்டையும் பழைய சார்ட்டையும் சேத்து வச்சு பாக்காண்டாமா, அங்கதான் ஒரே மருந்து ரெண்டு கம்பெனி பேருல ரெண்டு தடவ உள்ள போகும். ராத்திரி நர்ஸ் கிடையாது, ஆயா மட்டும்தான். இன்சுலின் ஊசி போடுறவங்கள சேக்கணும்னா, ராத்திரி அத யாரு போடுவாவன்னு கேட்டுட்டு சேருங்க.