ஸ்டார் ட்ரெக்கா, மிஷன் இம்பாசிபிளா: 1966-ல் வந்த இரண்டில் எதை முதலில் பார்ப்பது?

அமெரிக்காவில் மூன்று பெரிய சேனல்களும் மாலை நிகழ்ச்சிகளை முழுக்க வண்ணத்துக்கு மாற்றிய 1966 செப்டம்பரில், ஒன்பது நாள் இடைவெளியில் வந்த டிவி தொடர்கள் இவை: ஸ்டார் ட்ரெக் ஒரு விண்கப்பல் குழுவின் கதை, மிஷன் இம்பாசிபிள் ஒரு ரகசிய உளவுக் குழுவின் கதை. இரண்டையும் எடுத்தது நகைச்சுவை நடிகை லூசில் பாலின் டெசிலு ஸ்டூடியோதான்.

நேரம்: ஸ்டார் ட்ரெக் 3 சீசன், 79 எபிசோடு. மிஷன் 7 சீசன், 171.

புரிவது: மிஷனில் கண்ணை எடுத்தால் திட்டம் கைநழுவிவிடும், ஏனென்றால் யாரும் விளக்கிச் சொல்ல மாட்டார்கள், வேலையைச் சொல்லும் டேப் புகைந்து அழியும், ஃபோட்டோக்களைப் புரட்டி ஆட்களைத் தேர்ந்தெடுப்பார்கள், அப்புறம் வேலைதான். ஸ்டார் ட்ரெக்கில் எல்லாவற்றையும் பேசுவார்கள்.

மனசில் நிற்பது: இதில் எனக்கு ஸ்டார் ட்ரெக்தான். சுரங்கத் தொழிலாளிகளைக் கொல்லும் பாறை போன்ற ஒரு உயிர், தன் முட்டைகளைக் காக்கும் தாய் என்று விண்கப்பல் அதிகாரி ஸ்பாக் கண்டுபிடிக்கும் இடம் இன்றும் தொண்டையை அடைக்கிறது. செட் அட்டை மாதிரி தெரியும், சரி, பத்து நிமிடத்தில் மறந்துவிடும்.

கதைமாந்தரோடு ஒட்ட வேண்டுமென்றால் ஸ்டார் ட்ரெக். ராத்திரி ஒன்று பார்த்துவிட்டுத் தூங்க மிஷன். ஸ்பாக்காக நடித்த லியோனார்ட் நிமாய் 1969-ல் அங்கேதான் போய்ச் சேர்ந்தார், அதனால் இந்த வரிசையில் பார்ப்பதே சுகம்.