தண்ணீரைப் பழுப்பாக்கிக் காட்டினால் காசைக் கொடுக்காதீர்கள்

போன மாதம் யாழ்ப்பாணத்துக் கோண்டாவிலில் எங்கள் வீட்டுக்கு இரண்டு பொடியன்கள் வந்தார்கள். கழுத்தில் அட்டை, கையில் ஒரு சின்னப் பெட்டி. கிணற்றுத் தண்ணீரை இலவசமாகப் பரிசோதிப்பார்களாம். எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. அம்மப்பா வெட்டுவித்த கிணறு, நல்ல தண்ணீர் என்று ஊரில் பெயர் எடுத்தது.

ஒரு கிளாசில் எங்கள் தண்ணீர், மற்றதில் அவர்கள் கொண்டுவந்த போத்தல் தண்ணீர். இரண்டிலும் கம்பிகளை இறக்கிக் கரண்டைப் போட்டார்கள். கொஞ்ச நேரத்தில் எங்கள் தண்ணீர் தேத்தண்ணி நிறமாகி, மேலே பச்சையும் பழுப்புமாய் அழுக்குக் கட்டியது. போத்தல் தண்ணீர் அப்படியே இருந்தது. ஒருவன் கேட்டான்: "அக்கா, இதிலயோ பிள்ளைக்குப் பால் கரைக்கிறியள்?" தங்கச்சியின் மூன்று மாதக் குழந்தை விறாந்தையில் படுத்திருந்தது. சுன்னாகத்துக் கிணறுகளில் கழிவு எண்ணெய் கலந்த கதையையும் எடுத்துவிட்டான். சரி, 68,000 ரூபாய்க்கு வடிகட்டி பூட்டியாயிற்று.

சித்தப்பாவின் மகன் கம்பஸில் படிக்கிறான். கேட்டுவிட்டு இரண்டு இரும்பு ஆணியும் ஒன்பது வோல்ற் பற்றரியும் எடுத்து வந்தான். போத்தல் தண்ணீரில் ஒன்றும் நடக்கவில்லை. ஒரு கரண்டி உப்புப் போட்டதும் அதுவும் பழுப்பு! கரைந்து வருவது கம்பியின் இரும்பு. எங்கள் நிலம் சுண்ணாம்புக்கல், தண்ணீரில் உப்புக்கள் அதிகம், கரண்ட் நன்றாக ஓடும். போத்தல் தண்ணீரில் அவ்வளவு ஓடாது. வித்தை இவ்வளவுதான்.

ஆனால் தண்ணீர் நல்லதா? அவன் சொல்லித்தான் ஆய்வுகூடத்துக்குக் கொடுத்தோம். நைத்திரேற்று லீற்றருக்கு 71 மில்லிகிராம். உலக சுகாதார நிறுவனம் சொல்லும் எல்லை 50; கைக்குழந்தையின் இரத்தம் ஒட்சிசன் சுமப்பதை அது கெடுக்கும் என்பதால் வைத்த எல்லை. வடிகட்டியில் வந்த தண்ணீரில் 70. அதற்குள் இருக்கிற காபன் கரியும் புறஊதா விளக்கும் நைத்திரேற்றைத் தொடாது. கொதிக்க வைத்தால் இன்னும் செறியும். நிறமும் இல்லை, மணமும் இல்லை. தோட்டத்து யூரியாவும் மலகூடக் குழியும் கல் வெடிப்புகளால் இறங்கிக்கொண்டிருக்க, நாங்கள் அம்மப்பாவின் பெயரைச் சொல்லிக் குடித்திருக்கிறோம். பொடியன்களை மட்டும் திட்ட எனக்கு மனம் வரவில்லை.

யாராவது வடிகட்டி விற்க வந்தால், போகிற தண்ணீரிலும் வருகிற தண்ணீரிலும் நைத்திரேற்று எவ்வளவு என்று ஆய்வுகூட அறிக்கை கேளுங்கள். எங்களுக்கு விற்றவர்களின் பற்றுச்சீட்டில் உள்ள இலக்கத்துக்கு அடித்தால் மணி மட்டும் போகிறது.

பக்கத்து வீட்டு மாமியிடம் இதைச் சொன்னேன். அவர் கலண்டருக்குப் பின்னாலிருந்து ஒரு கடிதாசியை எடுத்தார். இரண்டு வருடத்துக்கு முந்திய அறிக்கை, அதே நைத்திரேற்று. "வெளியில சொன்னா காணியை ஆர் பிள்ளை வாங்குவினம்?"

எங்கள் அறிக்கையை ஒழுங்கையில் உள்ள நான்கு வீட்டுக்கும் வாட்ஸ்அப்பில் அனுப்பினேன். மூன்று பேர் பார்த்துவிட்டார்கள். பதில் இன்னும் இல்லை.